பார்த்திருத்தல்

கடலூர் முதுநகரில் ஏறிச் சிதம்பரம் சாலையில் தெற்கு நோக்கிச் செல்லும் பேருந்தில் நாம் எத்தனை முறை பயணம் செய்திருப்போம் என்று கணக்கிட்டால் ஆயிரத்துக்குக் குறையாது. தங்கையைப் பரங்கிப்பேட்டையில் நிக்காஹ் செய்து கொடுத்த நாள் முதலாக அந்தச் சாலை நமக்கு வீட்டு முற்றம் போல் ஆகிவிட்டது. முதுநகரைக் கடந்த சிறிது நேரத்தில் பேருந்துக்குள் ஒரு காட்சி நடைபெறும். யாரும் சொல்லாமலேயே சன்னல்கள் ஒவ்வொன்றாக மூடப்படும். பெண்கள் முந்தானையையும் துப்பட்டியையும் இழுத்து மூக்கைப் பொத்திக்கொள்வர். ஆண்களின் கையில் துண்டோ கைக்குட்டையோ ஏறும். பேச்சு நின்றுவிடும். சில நிமிடங்கள் கழித்துச் சன்னல்கள் திறக்கும். விட்ட இடத்திலிருந்து பேச்சும் தொடரும்.

அந்தச் சில நிமிடத் தொலைவுக்குள்தான் குடிகாடு இருக்கிறது. ஒருபுறம் உப்பனாறு, மற்றொருபுறம் 1980களில் எழுந்த சிப்காட் தொழிற்பேட்டை. மருந்து, சாயம், பூச்சிக்கொல்லி முதலிய வேதிப்பொருள் ஆலைகள் அங்கே வந்தன. ஆலைகளுக்கு முன்பே அங்கிருந்த ஊர் குடிகாடு. கண்ணை மூடிக்கொண்டு கடந்தோம் என்று சொல்ல இயலாது, மூடியது மூக்கைத்தான். எனினும் முப்பது ஆண்டுகளில் அவ்வூரின் ஒரு வீட்டு வாசலையேனும் நாம் பார்த்ததில்லை என்பது உண்மை.

2025ஆம் ஆண்டு சனவரியில் ஒருநாள் அஸர் தொழுது வெளியே வரும்போது பள்ளிவாசல் படியருகே ஓர் இளைஞர் ஸலாம் சொன்னார். பதில் கூறி உற்றுப் பார்த்த பின்னரே அடையாளம் தெரிந்தது. பல ஆண்டுகளுக்கு முன் மாலை மக்தபில் நம்மிடம் ஓதியவர். ஸர்ப்பு வாய்பாடுகளை மனனம் செய்வதில் சோம்பல் மிக்கவர். நம் வாயைப் பார்ப்பதை விட்டுச் சன்னல் வழியே தெருவைப் பார்த்துக்கொண்டிருப்பார். அதற்காக நாம் கண்டித்ததும் உண்டு. சென்னையில் திரைப்படக் கலை பயின்று திரும்பியிருந்தார். “குடிகாட்டைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கப் போறேன், உஸ்தாத். அங்கே உங்களுக்கு யாரையாவது தெரியுமா?” என்று கேட்டார்.

ஒருவரைத் தெரியும். முன்னாளில் உப்பனாற்று மடவையும் இறாலும் கூடையில் சுமந்து நம் தெருவுக்கு வந்து விற்ற மூதாட்டி குடிகாட்டுக்காரர். கூடை நின்று பல ஆண்டுகள் ஆகின்றன. விசாரித்து வைக்கிறோம் என்றோம்.

ஆவணப்படம் என்ற சொல் அன்றிரவு நம் மனத்தில் சுழன்றுகொண்டிருந்தது. ஆவணம் என்பது பழந்தமிழில் கடைவீதிக்குப் பெயர். உரிமைச் சீட்டுக்கும் பெயர். அரபியில் இத்தகைய படத்தை ‘வஸாயிகீ’ என்பர். ‘வஸீகா’ என்றால் பத்திரம். அதன் வேர்ச்சொல்லுக்கு உறுதி, நம்பிக்கை என்னும் பொருள்கள் உண்டு. ஹதீஸ் கலையில் நம்பகமான அறிவிப்பாளரை ‘ஸிகத்’ என்று நம் இமாம்கள் குறித்தார்களே, அச்சொல்லும் அதே வேரில் கிளைத்ததுதான். ஆகவே ஆவணப்படம் எடுப்பவரிடம் ஓர் அறிவிப்பாளரிடம் கேட்க வேண்டியவற்றையெல்லாம் கேட்கலாம் என்று நமக்குத் தோன்றிற்று. நீ நேரில் கண்டாயா? எப்போது கண்டாய்? உன் நினைவு எத்தகையது? கூட்டியும் குறைத்தும் சொல்லும் பழக்கம் உனக்கு உண்டா?

மறுநாள் இவற்றைக் கேட்டபோது அவர் சிரித்தார். “இதே கேள்விங்களைத்தான் எங்க கல்லூரியிலும் கேட்டாங்க, உஸ்தாத்” என்றார்.

வாசகர்களில் நடுவயதைக் கடந்தவர்களுக்கு ‘ஃபிலிம்ஸ் டிவிஷன்’ செய்திப்படங்கள் நினைவிருக்கும். 1948இல் நடுவண் அரசு தொடங்கிய நிறுவனம் அது. 2020களில் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டது. கொட்டகையில் முதன்மைப் படத்திற்கு முன் அணைக்கட்டும் வெள்ளமும் அமைச்சரின் திறப்பு விழாவும் வரும். மேலிருந்து ஒரு கனத்த குரல் எல்லாவற்றையும் விளக்கிக்கொண்டே போகும். (மதரஸா மாணவருக்குக் கொட்டகையில் என்ன வேலை என்று கேட்க வேண்டா, அது வேறு கட்டுரை.) ஆவணப்படம் என்றாலே அந்தக் குரல்தான் என்று நாம் நினைத்திருந்தோம். நம் மாணவர் எடுக்க விரும்பியதோ குரல் இல்லாத படம்.

அதன் வரலாற்றை அவர் நமக்குச் சிறிது சிறிதாகச் சொன்னார். ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி என்ற அமெரிக்கர் 1922இல் வெளியிட்ட ‘நானூக்’ உறைபனி நாட்டு வேட்டைக் குடும்பம் ஒன்றைக் காட்டியது. உலகமே வியந்தது. ஆனால் பனிவீட்டுக்குள் வெளிச்சம் போதாமையால் அவர் பாதி வீட்டை மட்டும் கட்டச் செய்து, அதற்குள் அக்குடும்பத்தைப் படுத்து எழச் செய்தார். துப்பாக்கி வழக்கத்திற்கு வந்துவிட்ட காலத்தில் ஈட்டியால் வேட்டையாடச் செய்தார். 1960ஐ ஒட்டித் தோளில் தூக்கக்கூடிய கேமராவும் அதனோடு இசைந்து ஒலி பதியும் கருவியும் வந்தபின், சிலர் வேறு வழியை நாடினர். எதையும் செய்யச் சொல்லாதே, கேள்வி கேட்காதே, இசை சேர்க்காதே, விளக்காதே. இருந்து பார் என்பது அவ்வழி. ஃப்ரெடரிக் வைஸ்மன் என்பவர் 1967 தொடங்கி ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக இம்முறையிலேயே பள்ளிக்கூடம், மருத்துவமனை, நூலகம் என்று ஒவ்வோர் இடமாக எடுத்துவந்தார். மனிதர் வருவார், போவார். அவர் படங்களில் நாயகராக இருப்பது இடம்தான்.

நம் நாட்டிற்கும் ஒருவர் வந்தார். 1968இல் லூயி மால் என்னும் பிரெஞ்சு இயக்குநர் இரண்டு துணைவர்களோடு, முன்திட்டம் ஏதுமின்றி, சில மாதங்கள் இந்தியாவில் சுற்றி ஆறு மணி நேரத்துக்கும் மேலான தொடர்படம் ஒன்றை ஆக்கினார். ஏழு பகுதிகளில் ஒன்று முழுவதும் சென்னையைப் பற்றியது. மயிலாப்பூர்த் தேரோட்டம் அதில் இருக்கிறது. 1970இல் பி.பி.சி. இதை ஒளிபரப்பியபோது, வறுமையை மட்டும் காட்டுகிறது என்று இந்திய அரசு சினந்து, அந்நிறுவனத்தின் டில்லி அலுவலகத்தையே மூடச் செய்தது. அச்சினத்தில் நியாயம் சிறிதும் இல்லை என்று நாம் சொல்லமாட்டோம். ஆனால் அவர் செய்த ஒன்று நம்மைக் கவர்ந்தது. ஊரார் கேமராவை முறைத்துப் பார்த்த காட்சிகளை அவர் வெட்டி எறியவில்லை. பார்க்க வந்தவனை அவர்களும் பார்த்தார்கள் என்பதற்குச் சான்றாக அவற்றை அப்படியே வைத்திருக்கிறார்.

இங்கே ஒரு தடையை நாம் கடக்க வேண்டியிருந்தது. உருவப் படத்தின் ஹுக்மு பற்றி நம் உலமாக்களிடையே உள்ள கருத்து வேறுபாடு வாசகர்கள் அறிந்ததே. எகிப்தின் முஃப்தியாக 1914 முதல் 1920 வரை இருந்த ஷைகு முஹம்மது பகீத் அல்முத்தீயீ (ரஹ்) அவர்கள், ஒளிப்படம் என்பது அல்லாஹ்வின் படைப்புக்குப் போட்டியாக உருவம் செய்வதன்று, ஏற்கெனவே இருக்கும் நிழலைத் தடுத்து நிறுத்துவதே என்று ஆகுமானதாக்கித் தனி நூலே எழுதினார்கள். நம் ஆசிரியர்களில் சிலர் இதை ஏற்கவில்லை. அவர்கள்மீது நமக்குள்ள மதிப்பு அதனால் குறையவும் இல்லை. தேவை கருதி எடுக்கலாம் என்பதே நம் நிலை. அதைக் காட்டிலும் நம்மை உறுத்தியது வேறு. பிறர் குறைகளைத் துருவித் துருவி ஆராயாதீர்கள் என்னும் கட்டளை ஸூரத்துல் ஹுஜுராத்தில் இருக்கிறது. அனுமதி பெற்று ஸலாம் கூறாமல் பிறர் வீட்டுக்குள் நுழையாதீர்கள் என்பது ஸூரத்துந் நூரில் இருக்கிறது. பல மணி நேரம் ஒரு தெருவை உற்றுப் பார்த்துக்கொண்டிருப்பது இவற்றோடு எங்ஙனம் பொருந்தும்?

மாணவர் தந்த விடை சொல்லால் ஆனதன்று. நாம் அவரைக் குடிகாட்டுக்கு அழைத்துச் சென்ற முதல் பத்து நாள்களும் அவர் கேமராவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. மூதாட்டியின் வீட்டுத் திண்ணையில் உட்காருவார். தேநீர்க் கடையில் உட்காருவார். உப்பனாற்றங்கரையில் வலையை உலர்த்துபவரோடு உட்காருவார். பையில் என்ன என்று கேட்டவர்களுக்கெல்லாம் எடுத்துக் காட்டினார். சிறுவர்களை அதன் வழியே பார்க்கவும் விட்டார். “எடுக்கலாமான்னு கேட்டா எல்லாரும் சரின்னுதான் சொல்வாங்க, உஸ்தாத். வேணாம்னு சொல்ற அளவுக்கு என்னைப் பழகின பிறகு கேட்கணும்” என்றார். பதினோராம் நாள் கேட்டார். இரண்டு வீட்டார் வேண்டாம் என்றனர். அவ்வீடுகள் இருக்கும் பக்கம் அவர் கேமராவைத் திருப்பவே இல்லை.

நமக்குப் பொறுமை இல்லை. “புகைபோக்கியை எடு, ஆற்றின் நிறத்தை எடு, இவற்றைத்தானே மக்கள் காண வேண்டும்?” என்று அவரைத் தூண்டிக்கொண்டே இருந்தோம். புகையை எல்லாரும் எடுத்துவிட்டார்கள் என்று அவர் பதில் சொன்னார். அவர் எடுத்ததோ, சந்து ஒன்றின் முனையில் கேமராவை நிறுத்தி, ஒரு சிறுமி தன் உயரத்துக்கு மிஞ்சிய சைக்கிளைக் குரங்குப் பெடல் போட்டு ஓட்டக் கற்றுக்கொள்வது. கொடியில் துணி காய்கிறது. ஓர் ஆடு குறுக்கே போகிறது. எதிர்வீட்டு வாசலில் முதியவள் ஒருத்தி முறத்தில் அரிசி பார்க்கிறாள். நான்கு நிமிடங்களுக்கு மேல் வேறொன்றுமில்லை. நேரம் வீணாகிறது என்றே அன்று நாம் எண்ணினோம்.

மற்றொரு தவறும் நாம் செய்தோம். மூதாட்டி ஒருநாள் திண்ணையில் நம்மிடம் பேசிக்கொண்டிருந்தார். ஓரிரவு நாற்றம் தாங்காமல், உறங்கும் பேரப்பிள்ளையின் முகத்தில் ஈரத்துணியைப் போட்டுத் தூக்கிக்கொண்டு சாலைக்கு ஓடியதை, அரிசி விலையைச் சொல்வது போன்ற குரலில் சொன்னார். நமக்கு உள்ளம் கலங்கிற்று. மறுநாள் கேமரா ஓடும்போது, “நேற்றுச் சொன்னதை இன்னொரு முறை சொல்லுங்கள்” என்று நாமே கேட்டோம். சொன்னார். ஆனால் இம்முறை குரல் உயர்ந்தது. நாம் எதை எதிர்பார்க்கிறோம் என்பதை நம் முகத்திலிருந்தே படித்து, அந்த அந்த இடத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்டார். முதல்நாள் துடைக்கவில்லை. பொய் ஒன்றும் சொல்லவில்லை. ஆயினும் அது வேறொன்றாகிவிட்டது. மாணவர் அதைப் படத்தில் சேர்க்கவில்லை. ஃபிளாஹெர்ட்டியின் பாதிப் பனிவீட்டைக் குறைகூறிய நாம் குடிகாட்டில் ஒன்றைக் கட்டிவிட்டோம்.

அவ்வீட்டு மருமகள்தான் ஒரு பழைய பள்ளிக்கூட நோட்டைக் கொண்டுவந்து காட்டினார். இதன் பின்னணியைச் சொல்ல வேண்டும். ஓய்வுபெற்ற நீதிபதி ஜே. கனகராஜ் அவர்கள் தலைமையில் மக்கள் தீர்ப்பாயம் ஒன்று இவ்வட்டாரத்து மக்களின் குறைகளைக் கேட்டு 2003இல் அறிக்கை வெளியிட்டது. அதன் பின்னர், 2004இல், குடிகாடு முதலிய சிற்றூர்களைச் சேர்ந்த சிலர் ‘சிப்காட் பகுதிச் சமுதாயச் சுற்றுச்சூழல் கண்காணிப்பாளர்கள்’ என்று ஒரு குழுவாகத் திரண்டனர். அளவு கருவி எதுவும் கையில் இல்லாதவர்கள் தங்கள் மூக்கையே கருவியாகக் கொண்டனர். நாற்றம் வந்தால் நாளையும் மணியையும் குறிப்பது. காற்று எத்திசையிலிருந்து வீசுகிறது என்று பார்ப்பது. நாற்றம் எதைப் போன்றது என்று எழுதுவது. அழுகிய முட்டையின் நாற்றம் என்றால் ஹைட்ரஜன் சல்ஃபைடு. அழுகிய முட்டைக்கோசு என்றால் மெர்காப்டன் வகை. நகப்பூச்சு போன்றதென்றால் கரைப்பான்களில் ஒன்று. இவ்வாறு நாற்றத்திலிருந்து பொருளை ஊகிக்கக் கற்றனர். 1995இல் கலிபோர்னியாவில் எண்ணெய் ஆலைகளுக்கு அண்டையில் வாழ்ந்தோருக்காக உருவான ஒரு முறையும் இங்கு வந்தது. மூடியுள்ள பிளாஸ்டிக் வாளிக்குள் தனிவகைப் பை ஒன்றை வைத்து, நாற்றம் வீசும் வேளையில் காற்றை அதில் பிடித்து ஆய்வுக்கூடத்துக்கு அனுப்புவது. இங்குப் பிடித்த காற்று அமெரிக்கா வரை சென்று ஆராயப்பட்டது. இருபதுக்கும் மேற்பட்ட நச்சுப் பொருள்கள் அதில் இருந்தன. புற்றுநோய் விளைப்பனவும் அவற்றுள் அடக்கம். உச்ச நீதிமன்றத்தின் கண்காணிப்புக் குழுவும் இவ்வட்டாரத்திற்கு வந்தது.

அந்த நோட்டை நாம் வெகுநேரம் புரட்டினோம். எழுத்துப் பிழைகள் மலிந்த கையெழுத்து. ஆனால் ஒவ்வொரு வரியிலும் நாள், மணி, இடம், காற்று, கண்டவர் பெயர். கூடுதலாக ஒரு சொல் இல்லை. ‘பயங்கரம்’ இல்லை; ‘கொடுமை’ இல்லை. தெரியாத இடத்தில் ‘தெரியவில்லை’ என்றே எழுதியிருந்தது. நாற்பதாண்டுக் காலம் இஸ்னாதைப் படித்தும் படிப்பித்தும் வந்த நமக்கு, இந்த எழுத்தின் முன் சற்று நேரம் பேச்சு வரவில்லை. ‘ளப்து’ என்று ஹதீஸ் கலையார் சொல்லும் பிசகாத துல்லியத்தை மாணவர்க்கு விளக்க நாம் எத்தனையோ எடுத்துக்காட்டுகளைத் தேடியிருக்கிறோம். நம் வீட்டிலிருந்து சில கல் தொலைவில் ஒன்று இருந்திருக்கிறது.

ரமலான் பிறந்தது. மாணவர் நோன்போடு அங்கே போய்வந்தார். நோன்பாளியின் மூக்கு கூர்மையானது. முதல் சில நாள்கள் பெரிதும் துன்புற்றார். ஆனால் ஒருநாள் நோன்பு திறந்தபின் கலக்கத்தோடு, “உஸ்தாத், இன்னிக்கு எனக்கு நாத்தமே தெரியலை. அவங்க ரெண்டு பேர் மூக்கைப் பொத்தினாங்க, நான் சும்மா நின்னேன்” என்றார். மூக்கு பழகிவிடும். ஹைட்ரஜன் சல்ஃபைடு மிகுந்தால் மோப்பப் புலனையே மரக்கச் செய்துவிடும். நாற்றம் நின்றுவிட்டது என்று நினைக்கும் வேளையில்தான் அபாயம் மிகுதி என்று வேதியியலார் கூறுவர். பத்து நாள் பழகினால் ஊர் தன்னை ஏற்கும் என்று நம்பி வந்தவர், பழகப் பழகத் தாம் காண வந்ததையே இழந்துவிடுவோமோ என்று அஞ்சத் தொடங்கினார். அவ்வச்சம் நியாயமானது. பேருந்தில் போகிறவனுக்கு மூக்கு இருக்கிறது, ஊர் தெரியாது. ஊரில் இருக்கிறவனுக்கு ஊர் தெரிகிறது, மூக்கு மரத்துப்போகிறது. பின்னர் அவர் தாமும் ஒரு நோட்டு வாங்கினார். மருமகளிடம் கேட்டுக் கேட்டு அந்நாள் நாற்றத்தை எழுதலானார்.

அந்நாள்களில் இமாம் இப்னுல் ஹைதம் (ரஹ்) அவர்களை நாம் மீண்டும் படித்தோம். பஸராவில் 965ஐ ஒட்டிப் பிறந்து கெய்ரோவில் வாழ்ந்த பேரறிஞர். கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுப் பொருளைத் தொடுகிறது என்று யவனர் பலர் கருதிவந்ததை அவர் தம் ‘கிதாபுல் மனாழிர்’ நூலில் மறுத்தார். பொருளிலிருந்து வரும் ஒளி கண்ணுக்குள் நுழைவதே பார்வை என்று நிறுவினார். சூரிய கிரகணத்தின்போது சிறு துளை வழியே இருண்ட அறைக்குள் விழும் பிறை வடிவை ஆராய்ந்து தனி நூலும் எழுதினார். இதைக் கொண்டு நம் மேடைகளில் சிலர் ‘கேமரா’ என்ற சொல்லே அரபியிலிருந்து வந்தது என்று முழங்குவதுண்டு. அது பிழை, அறை என்று பொருள்படும் லத்தீன் சொல் அது. இமாமின் பெருமைக்கு இந்தப் பொய் வேண்டியதில்லை. நமக்கு வேண்டியது அவர் சொன்ன பொருள்தான்: பார்ப்பவன் எதையும் அனுப்புவதில்லை, பெறுகிறான். நாமோ திண்ணையில் உட்கார்ந்து அனுப்பிக்கொண்டே இருந்தோம்.

அல்பீரூனீ (ரஹ்) அவர்களும் நினைவுக்கு வந்தார்கள். கேள்விப்படுவது கண்கூட்டுக்கு ஈடாகாது என்ற கருத்தோடுதான் இந்தியாவைப் பற்றிய தம் பெருநூலை அவர்கள் தொடங்குகிறார்கள். அதே கருத்துள்ள நபிமொழியும் உண்டு. ஆனால் அங்கேயே அவர்கள் மற்றொன்றையும் சேர்க்கிறார்கள். கண் காண்பது இருக்கும் கணத்தை மட்டுமே; சென்றதையும் வருவதையும் அது எட்டாது; அதற்குச் செய்திதான் வேண்டும் என்கிறார்கள். இதை நாம் மாணவரிடம் சொன்னபோது, அந்நோட்டுகளைப் பக்கம் பக்கமாகப் படத்தில் காட்டுவது என்று முடிவு செய்தார். விளக்கக் குரல் கூடாது என்பதில் பிடிவாதமாக இருந்தவர், எழுதியவர்கள் தம் வரிகளைத் தாமே படிப்பதற்கு மட்டும் இடம் கொடுத்தார்.

நாற்றத்தைப் படத்தில் கொண்டுவர முடியாதே என்று நாம் ஒருநாள் சொன்னோம். அவர் தம் கணினியில் மதுரைக்காரரான ஆர்.பி. அமுதன் 2003இல் எடுத்த ‘பீ’ என்ற படத்தைக் காட்டினார். பெயரைக் கேட்டே முகம் சுளித்தோம். மதுரைத் தெரு ஒன்றில் மனித மலத்தை அள்ளிக் கழுவும் பெண்ணை அவர் வேலை முடியும் மட்டும் கேமரா பின்தொடர்கிறது. சிறிது நேரத்தில் நம் கை நம்மை அறியாமலே மூக்குக்குப் போயிருந்தது. பார்த்துக்கொண்டேயிருக்க நேர்ந்தால் அங்ஙனம் ஆகிறது போலும். ஆர்.வி. ரமணி எடுத்த ‘என் கேமராவும் சுனாமியும்’ என்னும் பொருள்படும் தலைப்புடைய 2011ஆம் ஆண்டுப் படத்தைப் பற்றியும் கூறினார். 2004 டிசம்பர் 26 அன்று அலையில் அழிந்துபோன தம் கேமராவை நினைந்து அவர் எடுத்த படம். அவ்வலையில் கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அன்றைய தினம் முதுநகரிலும் தேவனாம்பட்டினத்திலும் நாம் கண்டவற்றை இன்றுவரை எழுதவில்லை; இங்கும் எழுதப் போவதில்லை.

2025 மே 15ஆம் நாள் பின்னிரவில், தொழிற்பேட்டையில் சாயக் கழிவுநீர் தேக்கியிருந்த பெருந்தொட்டி ஒன்று உடைந்தது. பல லட்சம் லிட்டர் கழிவுநீர் உறங்கிக்கொண்டிருந்த குடிகாட்டு வீடுகளுக்குள் புகுந்தது. பலர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டனர். சுபுஹு தொழுகைக்குப் பின் செய்தி வந்தது. தொலைக்காட்சியில் எல்லாப் படங்களும் ஆடிக்கொண்டிருந்தன. ஒவ்வொன்றிலும் ஒருவர் ஒலிவாங்கியோடு உரக்கப் பேசிக்கொண்டிருந்தார். மாணவர் அப்போது சென்னையில் இருந்தார். மாலைக்குள் வந்துவிட்டார், கேமராவைக் கொண்டுவரவில்லை. இரண்டு நாள் வீடுகளிலிருந்து சேற்றை வாரி வெளியே கொட்டும் வேலையில் இருந்தார். நாமும் ஜமாஅத்தில் திரட்டிய அரிசியையும் பாய்களையும் கொண்டுபோனோம். சைக்கிள் சிறுமியின் சந்தில் சுவரில் ஒரு கோடு விழுந்திருந்தது. அதுவரை நீர் நின்றிருக்கிறது. முழங்காலுக்கு மேல்.

அன்றிரவு அந்த நான்கு நிமிடத்தை மீண்டும் பார்த்தோம். கொடி, ஆடு, முறம், சைக்கிள். முன்பு ஒன்றுமில்லை என்று நாம் கருதிய அதே நான்கு நிமிடம்.

எடுத்த வரையில் ஊராருக்குக் காட்ட வேண்டும் என்று மாணவர் விரும்பினார். ஆகஸ்டில் ஒரு சனிக்கிழமை இரவு, வெள்ளை வேட்டியைச் சுவரில் கட்டி, ஏறத்தாழ அறுபது பேர் கூடிப் பார்த்தனர். ஆலை எதிர்ப்பு முழக்கமோ கண்ணீரோ எழும் என்று நாம் எதிர்பார்த்தோம். அவர்கள் சிரித்தார்கள். “ஏ, நம்ம ஆடுடி!” என்று ஒருத்தி கூவினாள். முறத்தில் அரிசி பார்த்த முதியவள் சூன் மாதத்தில் இறந்துபோயிருந்தார். அவர் முகம் தோன்றியதும் கூட்டம் அடங்கிற்று. மகன் எழுந்து சுவருக்கு அருகே போய் நின்றுகொண்டார். அக்காட்சியை மறுபடி போடச் சொன்னார்கள். மூன்று முறை போட்டோம். நோட்டைப் படிக்கும் காட்சி வந்தபோது, ஒரு நாளைக் குறிப்பிட்டு, அன்று காற்று தெற்கிலிருந்து அடித்தது, நோட்டில் தவறு இருக்கிறது என்று இருவர் வாதிட்டனர். மருமகள் விட்டுக்கொடுக்கவில்லை.

படத்தில் ஓரிடத்தில் நாமும் வந்தோம். நமக்குத் தெரியாது, மாணவர் சொல்லவும் இல்லை. திண்ணையில் உட்கார்ந்து கையை ஆட்டி ஆட்டி எதையோ விளக்கிக்கொண்டிருக்கிறோம். குடிகாட்டுக்காரர் நால்வர் வாயைத் திறக்காமல் மரியாதையோடு கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் ஊரின் காற்றைப் பற்றித்தான் அவர்களுக்கே நாம் விளக்கம் சொல்லியிருக்கிறோம். கூட்டம் நகைத்தது, நாமும் நகைத்தோம். அதை வெட்டிவிடவா என்று பிறகு மாணவர் கேட்டார். இருக்கட்டும் என்றோம். சொல்லும்போது எளிதாக இருக்கவில்லை.

முடிந்தபின் ஒரு முதியவர் நம்மிடம் வந்து, “எல்லாம் சரியா இருக்குது பாய். சத்தம்கூட அப்படியே இருக்குது. நாத்தம்தான் வரல” என்றார். அமுதன் படத்தைப் பார்த்து நம் கை மூக்குக்குப் போனதை அவரிடம் சொன்னோம். அவர் சற்று யோசித்தார். “நாங்க அங்கயேதான இருக்கோம், எங்களுக்கு எப்படி வரும்? வெளியூர்ல போட்டுப் பாருங்க” என்றார்.

மழைக்காலம் முடிந்ததும் மீதியை எடுக்க வருவதாக மாணவர் கடிதம் எழுதியிருக்கிறார். வேண்டாம் என்று முதலில் மறுத்த இரண்டு வீட்டாரில் ஒருவர் இப்போது எடுத்துக்கொள் என்று சொல்லியனுப்பியிருக்கிறார். மற்றவர் இன்னும் இசையவில்லை. அவருக்குத் தங்க முதுநகரில் ஓர் அறை பார்த்து வைக்க வேண்டும். நமக்கும் ஒரு நோட்டு வாங்க வேண்டும். பரங்கிப்பேட்டைக்குப் போகும்போது இனிச் சன்னலோரம் உட்கார்ந்து எழுதுவதென்று எண்ணியிருக்கிறோம், இன்ஷா அல்லாஹ்.